பாசிக்குள் போன பாசிமணி

மறைமலை நகரில் ரயில் யாருக்கும் அதிசயமில்லை. கடற்கரையிலிருந்து செங்கல்பட்டு போகும் மின்ரயில் பொத்தேரி, காட்டாங்குளத்தூர் தாண்டி இங்கே நின்று, சிங்கப்பெருமாள் கோவிலுக்குப் போகும். அதிலிருந்து இறங்கும் பெண்களில் பலர் கழுத்தில் கம்பெனி அட்டையைத் தொங்கவிட்டிருப்பார்கள். திருவண்ணாமலை, விழுப்புரம், கள்ளக்குறிச்சிப் பக்கத்துக் கிராமங்களிலிருந்து வந்து இங்கே அறை எடுத்துத் தங்கி, ஒரகடத்துக்கும் ஸ்ரீபெரும்புதூருக்கும் கம்பெனி பஸ் ஏறுகிறவர்கள். ரயிலில் வந்து, ரயிலில் ஊருக்குப் போய், ரயில் சத்தத்திலேயே தூங்குகிறவர்கள். இப்படி ஓர் ஊரில் உட்கார்ந்துகொண்டு, ரயிலைப் பார்ப்பதற்காகவே இரண்டு பிள்ளைகள் நாணல் காட்டுக்குள் ஓடுகிற படத்தைப் பார்த்தோம்.

படம் ‘பதேர் பாஞ்சாலி’. விபூதிபூஷண் பந்தோபாத்யாயின் வங்க நாவலை வைத்து சத்யஜித் ரே எடுத்தது, 1955இல் வெளிவந்தது. நான் ஒரு வாகன உதிரிபாகக் கம்பெனியில் தரப் பரிசோதனைப் பிரிவில் வேலை பார்க்கிறேன். வார விடுமுறை ஒன்றாக வாய்க்கும் ஞாயிறுகளில் ஏழெட்டுப் பெண்கள் என் மொட்டைமாடி அறையில் கூடுவோம். படிப்போம், படம் பார்ப்போம், சண்டை போடுவோம். படத்துக்கு அடியில் ஓடிய எழுத்துகள் ஆங்கிலத்தில் இருந்தன. அவற்றை நான் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். எங்கள் தெருவில் குடியிருக்கும் வங்காளப் பெண் ஒருத்தியும் வந்திருந்தாள். கணவன் ஒரகடத்தில் வேலை. நான் தடுமாறிய இடங்களில் அவளுடைய அரைகுறைத் தமிழ்தான் கைகொடுத்தது.

இந்தப் படத்தைப் பற்றித் தமிழில் நான் வாசித்தவற்றில் இரண்டு சொற்கள் திரும்பத் திரும்ப வரும். ஒன்று வறுமை, மற்றொன்று அப்பு. இந்தியாவின் வறுமையைக் காட்டிய படம், அப்பு என்ற சிறுவனின் கண்கள் திறக்கும் படம். வறுமையைக் காட்டியதற்காகவே திட்டும் வாங்கியது. 1980இல் மாநிலங்களவை உறுப்பினராக இருந்த நடிகை நர்கீஸ், ரே நம் வறுமையை வெளிநாட்டுக்கு ஏற்றுமதி செய்கிறார் என்று குற்றம் சாட்டினார். அதற்கு எதிராகப் பலர் ரேவுக்காக வாதாடினார்கள். வறுமையைக் காட்டலாமா கூடாதா என்பதே பேச்சாக இருந்தது. அந்த வீட்டுக்குள் வறுமை எப்படிப் பங்கு பிரிக்கப்படுகிறது, யார் பங்கில் எவ்வளவு விழுகிறது என்று கணக்குப் பார்த்தவர்கள் குறைவு. எங்கள் அறையில் முதலில் எழுந்ததே அந்தக் கணக்குதான். எல்லாரும் மாதம் பிறந்தால் சம்பளத்தைப் பங்கு போட்டு ஊருக்கு அனுப்புகிறவர்கள் அல்லவா!

வீட்டைப் பாருங்கள். அப்பா ஹரிஹர், புரோகிதம் செய்கிறவர். நாடகம் எழுதி ஒருநாள் பெரிய ஆளாவோம் என்று கனவு காண்கிறவர். மூன்று மாதச் சம்பள பாக்கி இருந்தும் முதலாளியிடம் கேட்கக் கூச்சப்படுகிறவர். நல்ல மனிதர்தான், கை நீட்டி அடிப்பதில்லை. ஆனால் அவர் கேட்காமல் விட்ட சம்பளத்துக்கு ஈடாக, மனைவி சர்வஜயா வீட்டுப் பாத்திரத்தைத் துணிக்குள் மறைத்து எடுத்துப் போய் விற்று அரிசி வாங்குகிறாள். அவருடைய கூச்சத்தின் விலையை அவள் கொடுக்கிறாள். “சம்பளம் கேக்க வெக்கம், சோறு கேக்க வெக்கமில்ல” என்றாள் எங்களில் மூத்தவள். அவளுக்குக் கல்யாணமாகிப் பதினாறு வருஷம்.

மூத்த மகள் துர்கா. பின்னால் பிறந்த பையன் அப்பு. வீட்டில் இன்னொருத்தி இருக்கிறாள், இந்திர் என்ற கிழவி. ஹரிஹருக்கு அக்கா முறை. பிள்ளைகள் அவளை ‘பிஷி’ என்று கூப்பிடுகிறார்கள். “பிஷின்னா அப்பாவோட அக்கா, தங்கச்சி” என்று வங்காளப் பெண் விளக்கியதும், “அத்தைடி!” என்று நான்கு பேர் ஒரே குரலில் சொன்னார்கள். அந்தச் சொல் வந்தபின் படம் வேறு ஊர்ப் படமாக இல்லை. கணவனை இழந்து, பிள்ளை குட்டி இல்லாமல், தம்பி வீட்டுத் திண்ணையில் மூட்டையோடு கிடக்கும் ஓர் அத்தை எங்கள் எல்லார் ஊரிலும் இருக்கிறாள்.

துர்கா திருடுகிறாள். பக்கத்துத் தோப்பிலிருந்து கொய்யா பறித்து வந்து அத்தையின் பாத்திரத்தில் போடுகிறாள். பல்லில்லாத கிழவி அதைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்புக்காகவே அவள் திருடுகிறாள் என்று தோன்றும். அந்தத் தோப்பு ஒரு காலத்தில் இவர்களுடையது. கடனுக்காகப் போய்விட்டது. ஹரிஹர் அதற்காக வாய் திறந்து வழக்காடவில்லை. அந்தக் குடும்பத்தில் தோப்பின்மேல் உரிமை கொண்டாடும் ஒரே ஆள் இந்தப் பெண்தான். அவளுக்குப் பத்திரம் தெரியாது, பாத்தியதை தெரியாது. வேலி தாண்டத் தெரியும், அவ்வளவுதான். ஊர் அதற்கு வைக்கும் பெயர் திருட்டு.

பிறகு வருகிறது பாசிமணி. வசதியான பக்கத்து வீட்டுப் பெண்ணின் மாலை காணாமல் போகிறது. அந்த வீட்டுக்காரி நேராக வந்து துர்காவைக் குற்றம் சாட்டுகிறாள். அவள் விளையாட்டுச் சாமான் பெட்டியைத் துழாவிப் பார்க்கிறார்கள், மாலை இல்லை. எடுக்கவில்லை என்கிறாள் துர்கா. வந்தவள் போகிற போக்கில் தாயையும் குத்திப் பேசிவிட்டுப் போகிறாள். அதற்குப் பிறகு சர்வஜயா மகளைத் தலைமுடியைப் பிடித்து இழுத்து அடித்து வாசலுக்கு வெளியே தள்ளுகிறாள். அப்பு பார்த்துக்கொண்டு நிற்கிறான். அடித்த கையோடு அந்தத் தாய் உடைந்து உட்காருவதையும் ரே காட்டுகிறார்.

இந்த இடத்தில் எங்கள் அறையில் பேச்சு நின்றுவிட்டது. காரணம் உண்டு. இங்கே இருந்த மூன்று பேர் முன்பு ஒரே விடுதியில் தங்கியிருந்தவர்கள். நானும் அதில் ஒருத்தி. அங்கே ஒருமுறை ஒருத்தியின் வெள்ளிக் கொலுசு காணாமல் போனது. இரவு ஷிஃப்ட் முடிந்து வந்து படுத்தவர்களை எழுப்பி, எல்லார் சூட்கேஸையும் வராந்தாவில் கொட்டச் சொன்னார்கள். உள்ளாடை, மாதவிடாய்த் துணி, அம்மா கொடுத்தனுப்பிய ஊறுகாய், கடிதம் எல்லாம் எல்லார் கண்ணுக்கும் முன்னால். கொலுசு கிடைக்கவில்லை. ஆனால் சந்தேகம் ஒரு பெண்மேல் போய் உட்கார்ந்துகொண்டது. காண்ட்ராக்டில் புதிதாகச் சேர்ந்தவள், அறையிலேயே பழைய துணி உடுத்துகிறவள். ஊருக்குப் போன் போட்டார்கள். அப்பா வந்தார். ‘என் பொண்ணு எடுக்கல’ என்று அவர் சொல்லவில்லை. ‘மன்னிச்சிடுங்க’ என்றார். அந்த மாதமே அவளுக்குக் கல்யாணம் முடிந்ததாகச் செய்தி வந்தது. அவள் எடுத்தாளா இல்லையா என்று யாருக்கும் தெரியாது. அதைத் தெரிந்துகொள்ள யாருக்கும் அவசரமும் இல்லை. பெயர் கெடுவதற்குள் கரையேற்றிவிட வேண்டும் என்பதுதான் அவசரம்.

சர்வஜயாவின் அடியையும் அந்த அப்பாவின் மன்னிப்பையும் நான் சேர்த்தே பார்க்கிறேன். நிலமில்லாத, நகையில்லாத வீட்டில் பெண்ணுக்கென்று மிஞ்சியிருக்கும் ஒரே சொத்து அவள் பெயர். அதில் கீறல் விழுந்தால் கல்யாணச் சந்தையில் விலை குறையும். தாய் அடிப்பது கோபத்தால் மட்டுமில்லை, சேதாரத்தைக் குறைக்கவும்தான். சர்வஜயாவுக்குத் திருட்டு என்றால் என்ன என்று நன்றாகவே தெரியும். புயலில் பக்கத்துத் தோப்பில் தேங்காய் ஒன்று விழுகிறது. அவள் சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு அதைச் சேலைக்குள் மறைத்து எடுத்து வருகிறாள். வசனம் இல்லை, விளக்கம் இல்லை. மகளை எதற்காக அடித்தாளோ அதையேதான் அவளும் செய்கிறாள். இரண்டுக்கும் நடுவில் உள்ள வித்தியாசம் யாரும் பார்க்கவில்லை என்பதுதான். ‘தியாகத்தாய்’ என்று நம் சினிமா செய்து வைத்திருக்கும் பொம்மையை இந்த ஒரு தேங்காய் உடைத்துப் போடுகிறது.

அத்தையிடம் அவள் நடந்துகொள்வதும் அப்படித்தான். இருக்கிற சோற்றில் இன்னொரு வாய் என்று எரிந்து விழுகிறாள், வீட்டை விட்டு அனுப்புகிறாள். கடைசித் தடவையாகத் திரும்பி வரும் கிழவி குடிக்கத் தண்ணீர் கேட்கிறாள். சர்வஜயா எழுந்து எடுத்துக் கொடுப்பதில்லை. கிழவி தானே மொண்டு குடித்து, மிச்சத் தண்ணீரைச் செடிக்கு ஊற்றிவிட்டுப் போகிறாள். மூங்கில் தோப்பில் அவள் இறந்து கிடப்பதைப் பிள்ளைகள்தான் கண்டுபிடிக்கிறார்கள். “என்ன பொம்பள இவ!” என்றாள் எங்களில் இளையவள். மூத்தவள் உடனே, “அந்த ஆளு எங்கடி போயிருந்தான் அப்போ?” என்று கேட்டாள். அந்தக் கேள்வி சரியானது. ஒரு பானைச் சோற்றுக்கு இரண்டு பெண்களைச் சண்டைக்கு நிறுத்திவிட்டு, நடுவில் இருக்கவேண்டியவர் எப்போதும் வெளியே போயிருக்கிறார். நமக்குச் சர்வஜயாவின் கடுகடுப்பு தெரிகிறது. ஹரிஹரின் இனிமை தெரிகிறது. இனிமையாக இருப்பதற்கும் வசதி வேண்டும்.

படத்தின் பின்னாலிருந்த கணக்கையும் சொல்லியாக வேண்டும். 1952 அக்டோபரில் நாணல் காட்டுக் காட்சியோடுதான் படப்பிடிப்பு தொடங்கியது. அடுத்த வாரம் போய்ப் பார்த்தால் பூக்களை மாடுகள் மேய்ந்துவிட்டிருந்தன. மறுபடி பூக்க ஒரு வருடம் காத்திருந்தார்கள். கையில் பணமில்லை. ரே தன் இசைத்தட்டுகளை விற்றார், காப்பீட்டின்மேல் கடன் வாங்கினார், மனைவி பிஜோயாவின் நகைகள் அடகுக்குப் போயின. பிறகு மேற்கு வங்க அரசு பணம் கொடுத்தது. தலைப்பில் ‘பாதை’ இருந்ததாலோ என்னவோ, அது சாலை மேம்பாட்டுக் கணக்கில் எழுதப்பட்டது. அந்தச் செய்தியைச் சொன்னதும் எங்கள் அறையில் சிரிப்பு. ஆனால் நகையைச் சொன்னபோது யாரும் சிரிக்கவில்லை. ஆணின் கனவுக்கு முதல் மூலதனம் பெண்ணின் கழுத்திலிருந்து இறங்குவது நமக்கு ஒன்றும் புதிதில்லை. படத்தில் ஒரு பெண் பிள்ளை அடுத்தவள் கழுத்து மணியை எடுத்ததற்காக அடி வாங்குகிறாள். அந்தப் படமே ஒரு பெண் கழற்றிக் கொடுத்த நகையில் நடந்திருக்கிறது.

மனசுக்கு நிறைவு தரும் ஒரு கணக்கும் உண்டு. இந்திர் அத்தையாக நடித்த சுனிபாலா தேவி பழைய நாடக நடிகை, முதுமையில் ஒதுங்கி இருந்தவர். அவருக்கு நாளொன்றுக்கு 20 ரூபாய் சம்பளம் பேசினார்கள். திரையில் ஒரு சால்வைக்குக் கை நீட்டும் கிழவியாக வந்தவர், திரைக்கு வெளியே உழைத்துச் சம்பளம் வாங்கினார். படம் வெளியாகும் முன்பே இறந்துபோனார். சர்வஜயாவாக நடித்த கருணா பானர்ஜியின் சொந்த மகள்தான் படத்தில் சின்ன வயது துர்கா. வளர்ந்த துர்காவாக நடித்த உமா தாஸ்குப்தா அப்போது பள்ளி மாணவி. பிறகு சினிமாப் பக்கம் போகாமல் ஆசிரியையாக வாழ்ந்து 2024 நவம்பரில் காலமானார்.

இப்போது ரயிலுக்கு வருகிறேன். அக்காவும் தம்பியும் சண்டை போட்டுக்கொண்டு ஓடி, வெள்ளை வெளேரென்று பூத்துக் கிடக்கும் நாணலுக்குள் வருகிறார்கள். தந்திக் கம்பத்தில் காது வைத்துக் கேட்கிறார்கள். முன்னால் போகிறவள் துர்கா. வழி காட்டுகிறவளும் சத்தத்தை முதலில் கேட்கிறவளும் அவளே. கரும்புகை தெரிந்ததும் இருவரும் ஓடுகிறார்கள். துர்கா தடுக்கி விழுகிறாள். தண்டவாளம் வரை போய் நிற்பவன் அப்பு. அந்த மாபெரும் இரும்பு அவன் கண்ணெதிரே கடந்து போகிறது. உலக சினிமா கொண்டாடும் காட்சி இது. அக்கா விழுந்த கணம் கண்ணிமைக்கும் நேரத்தில் போய்விடுகிறது.

“இந்தப் பூ பூத்தா பூஜை வரும்” என்றாள் வங்காளப் பெண். நாணல் பூத்தால் அங்கே துர்கா பூஜைக் காலம். துர்கை வருடத்துக்கு ஒருமுறை பிள்ளைகளோடு தன் தாய்வீட்டுக்கு வருகிறாள் என்பது அவர்கள் நம்பிக்கை. நம் ஊர் ஆடிச் சீர் மாதிரி, மகள் வீடு திரும்பும் திருவிழா. தெய்வத்துக்கே வருடத்தில் சில நாள்தான் பிறந்த வீடு. இந்தத் துர்காவுக்குத் தாய்வீட்டை விட்டுப் போகவே வாய்க்கவில்லை. பொருள் தேடிப் போன அப்பா திரும்பும் முன், மழையில் ஆசை தீர நனைந்து, காய்ச்சல் கண்டு, புயலடித்த ஓர் இரவில் இறந்துபோகிறாள்.

ஹரிஹர் திரும்பி வருகிறார். வாங்கி வந்ததை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டுகிறார். மனைவிக்கு ஒரு சப்பாத்திக் கட்டை, ஒரு லட்சுமி படம். மகளுக்குப் புடவை. புடவையைக் கையில் வாங்கியதும் சர்வஜயா கதறுகிறாள். அவள் குரலை நாம் கேட்பதில்லை. அந்த இடத்தில் தார்ஷெனாயின் ஓலம் மட்டும் ஒலிக்கிறது. இந்தியப் படங்களில் இதைவிடப் பெரிய கதறலை நான் கேட்டதில்லை, அதில் அந்தப் பெண்ணின் குரல் இல்லை. குரலைப் பிடுங்கி இசையிடம் கொடுத்துவிட்டாரே என்று எனக்கு ஒரு குறை. “நல்லதுதான் அக்கா, நம்ம அழுகைய யாரும் வேடிக்கை பாக்கல” என்றாள் வந்தவாசிக்காரி. இரண்டு பேச்சிலும் நியாயம் இருப்பதாகவே இன்றும் எனக்குப் படுகிறது.

உண்மையான சண்டை அதற்குப் பிறகுதான் வந்தது. ஊரை விட்டுக் காசிக்குப் போக மூட்டை கட்டும்போது, மேல்தட்டில் அக்கா ஒளித்து வைத்திருந்த பாசிமாலை அப்புவின் கையில் கிடைக்கிறது. அவள் எடுத்தது உண்மை. அவன் யாரிடமும் சொல்லாமல் ஓடிப்போய் அதைக் குளத்தில் எறிகிறான். விலகிய பாசி மெதுவாகத் திரும்பி வந்து மூடிக்கொள்கிறது.

“அக்கா பேர காப்பாத்திட்டான்” என்று கண்ணைத் துடைத்துக்கொண்டாள் ஒருத்தி. பெரும்பாலோர் அந்தக் காட்சியை இப்படித்தான் எழுதியும் வைத்திருக்கிறார்கள். தம்பி பெரியவனாகும் தருணம் என்று. விடுதியில் எங்களோடு இருந்தவள் மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை. “செத்தவளுக்கு எதுக்குடி நல்ல பேரு? அவ ஆசப்பட்டு வெச்சிருந்தது அது ஒண்ணுதான். அதையும் தூக்கிப் போட்டுட்டான்” என்றாள்.

அப்புவின் அன்பில் எனக்குச் சந்தேகமில்லை. சின்னப் பையன், தனக்குத் தெரிந்த வழியில் அக்காவைக் காக்கிறான். ஆனால் அந்த வழியை அவனுக்குக் கற்றுக் கொடுத்தது யார்? வாசலில் நின்று அக்கா அடி வாங்குவதைப் பார்த்தபோது கற்றுக்கொண்டான். பெண்ணின் ஆசை வெளியே தெரியக் கூடாது; தெரிந்தால் அவமானம்; அன்புள்ளவன் அதை மறைத்துவிட வேண்டும். நம் வீட்டு ஆண்களில் நல்லவர்கள் நமக்குச் செய்யும் நன்மையும் பெரும்பாலும் இதே ஜாதிதான். அந்த அப்பா மன்னிப்புக் கேட்டு மகளை அழைத்துப் போனதும் அன்பினால்தான்.

2021 டிசம்பரில், ஸ்ரீபெரும்புதூர் அருகே ஃபாக்ஸ்கான் ஆலையில் வேலை செய்த பெண்களில் 150க்கும் மேற்பட்டோர் விடுதி உணவால் நோயுற்று மருத்துவமனைக்குப் போனார்கள். அதன் பிறகு அந்தப் பெண்கள் சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில் உட்கார்ந்தார்கள். ஒழுங்கான சோறும் படுக்க இடமும் கேட்டார்கள். இங்கே டீக்கடையில் அன்று என் காதில் விழுந்த முதல் பேச்சு, “வயசுப் பொண்ணுங்க நடுரோட்ல உக்காந்தா நாளைக்கு எவன் கட்டுவான்?” என்பது. சோறு பற்றிய பேச்சு அப்புறம்தான் வந்தது. 2024 ஆகஸ்டில் வல்லம் வடகாலில் 18,720 பெண்கள் தங்கும் விடுதியை அரசு திறந்தது. தேவையான காரியம், உட்கார்ந்து கேட்டவர்களுக்கும் அதில் பங்குண்டு என்று நம்புகிறேன். பெயரைப் பணயம் வைத்துக் கேட்டால்தான் நமக்குச் சிலது கிடைக்கிறது. துர்காவுக்கு இது தெரிந்திருந்தது. அவளோடு சேர்ந்து கேட்க அந்தக் கிராமத்தில் ஆளில்லை.

படம் முடிந்த பிறகு ஒரு கேள்வி கேட்டேன். முதல் சம்பளத்தில் உங்களுக்கென்று என்ன வாங்கினீர்கள்? தம்பிக்குக் காலேஜ் ஃபீஸ், வீட்டுக்கு மிக்ஸி, சீட்டுப் பணம், கல்யாணத்துக்குச் சேர்க்கும் பவுன் என்று பட்டியல் வந்தது. “உங்களுக்கென்று” என்று மறுபடி அழுத்திச் சொன்னேன். கொஞ்ச நேரம் யோசித்தார்கள். ஒருத்தி சிவப்பு லிப்ஸ்டிக் என்றாள். ஊருக்குப் போகும்போது அறையிலேயே வைத்துவிட்டுப் போவாளாம். ஒருத்தி ஜீன்ஸ். வந்தவாசிக்காரி சிங்கப்பெருமாள் கோவில் கடையில் வாங்கிய பாசிமணி ஒன்றைச் சொன்னாள். எழுபது ரூபாய். கல்யாணத்துக்குப் பவுன் சேர்க்கிற பெண் இதற்கெல்லாம் காசைக் கரியாக்குவதா என்று அம்மா திட்டுவாள் என்பதால் சூட்கேஸுக்கு அடியில், துணிக்குள் சுற்றி வைத்திருக்கிறாள்.

திருடவில்லை. தன் உழைப்பில், தன் காசில் வாங்கியது. அதுவும் ஒளித்து வைக்கப்பட்டுத்தான் இருக்கிறது. எழுபது வருடத்தில் துர்கா ரயிலேறி இவ்வளவு தூரம் வந்திருக்கிறாள். வெளியே எடுத்துக் கழுத்தில் போட்டுக்கொள்ளும் இடத்துக்கு இன்னும் வந்து சேரவில்லை.

“அடுத்த வாரம் போட்டுட்டு வா” என்றாள் மூத்தவள். “இங்க யாரும் குளத்துல தூக்கிப் போட மாட்டோம்.”